கோஜிராவின் பிறப்பு: ஓர் அச்சம் திரைப்படமான வரலாறு

இலக்கிய வட்டமொன்றின் பத்தாம் ஆண்டு மலரில் பூதப் படம் ஒன்றைப் பற்றிக் கட்டுரையா என்று அன்பர்கள் சிலர் முகம் சுளிக்கக்கூடும். 'காட்ஸில்லா' என்ற பெயரைக் கேட்டதும் ரப்பர் உடுப்புக்குள் ஒரு மனிதர் நுழைந்துகொண்டு அட்டைக் கட்டடங்களை மிதித்துத் துவைக்கும் காட்சியே நம் நினைவுக்கு வருகிறது. குழந்தைகளுக்கான கேளிக்கை என்று அதை ஒதுக்கிவிடுவதும் எளிது. இக்கட்டுரையாளனும் நெடுங்காலம் அவ்வாறே ஒதுக்கி வைத்திருந்தவன்தான். ஆனால் 1954 நவம்பர் 3ஆம் நாள் ஜப்பானில் வெளியான 'கோஜிரா' என்னும் கறுப்பு வெள்ளைப் படத்தின் மூல வடிவைப் பார்த்த பின் அந்த எண்ணம் மாறியது. அறிவியல் புனைவும் திகிலும் கலந்த அந்தப் படம், வாய்விட்டு அழுவதற்கு இடம் கிடைக்காத ஒரு சமூகம் தன் துக்கத்தை ஒரு விலங்கின் மேல் ஏற்றிப் பேசிய படம். அது எங்கிருந்து பிறந்தது என்ற வரலாறு, எந்த நாவலின் பிறப்பு வரலாற்றுக்கும் குறைந்ததன்று.

கதை ஒரு மீன்பிடி படகிலிருந்து தொடங்குகிறது. 'டைகோ ஃபுக்குர்யு மாரு' என்பது அதன் பெயர். 'ஐந்தாம் எண் நற்பேற்று நாகம்' என்று தமிழில் சொல்லலாம். சூரை மீன் பிடிக்கச் சென்ற மரப்படகு. அதில் 23 பேர் இருந்தனர். 1954 மார்ச் 1ஆம் நாள் விடியற்காலையில் மேற்கு வானில் சூரியன் உதித்தது போன்ற ஒளியை அவர்கள் கண்டனர். பசிபிக் கடலில் பிகினிப் பவழத் தீவில் அமெரிக்கா ஹைட்ரஜன் குண்டு ஒன்றை வெடித்துச் சோதித்த ஒளி அது. சோதித்தவர்கள் எதிர்பார்த்ததைப் போல் இருமடங்குக்கும் மேற்பட்ட ஆற்றலுடன் அது வெடித்தது: 15 மெகாடன். ஹிரோஷிமாவில் வீசப்பட்ட குண்டைப் போல் ஏறத்தாழ ஆயிரம் மடங்கு. படகு நின்ற இடம், அபாய எல்லை என்று அமெரிக்கா அறிவித்திருந்த பகுதிக்கு வெளியே. ஆயினும் சில மணி நேரத்தில் வெண்ணிறச் சாம்பல் பனிபோலப் பெய்யத் தொடங்கியது. பொடியாய்ச் சிதறிய பவழப்பாறைதான் அது. மீனவர்கள் அதை வெறுங்கையால் கூட்டித் தள்ளினர். மாலைக்குள் வாந்தியும் தலைச்சுற்றலும் கண்டன. பின்னர்த் தோல் கறுத்தது, முடி உதிர்ந்தது. மார்ச் 14ஆம் நாள் யாயிசு துறைமுகம் திரும்பியபோதும் தங்களுக்கு நேர்ந்தது இன்னதென்று அவர்கள் முழுதாய் அறியவில்லை.

இரண்டொரு நாளில் செய்தித்தாள்கள் அறிந்தன. நாடு முழுதும் அறிந்தது. அதற்குள் அந்தப் படகின் மீன் சந்தைக்குப் போய்விட்டிருந்தது. வேறு பல படகுகளின் மீனிலும் கதிர்வீச்சு இருப்பது தெரியவர, டன் கணக்கான சூரை மீன் புதைக்கப்பட்டது. 'அணுகுண்டுச் சூரை' என்று மக்கள் பேசத் தொடங்கினர். மீன் விற்பவர்களும் வாங்குபவர்களும் கைகர் கருவியின் படபடப்பொலிக்குக் காது கொடுக்கும் நிலை வந்தது. தோக்கியோ நகரின் சுகினாமி வட்டாரத்தில் குடும்பப் பெண்கள் முனைந்து நடத்திய கையெழுத்து இயக்கம் நாடெங்கும் பரவி, மறு ஆண்டு ஆகஸ்டுக்குள் மூன்று கோடிக்கும் மேற்பட்ட கையெழுத்துகளைச் சேர்த்தது.

இங்கே ஒன்றைக் கருத வேண்டும். 1945இல் ஹிரோஷிமா, நாகசாகி நகரங்கள் அழிந்தபின் ஜப்பான் மக்களால் அதைப் பற்றி வெளிப்படையாகப் பேச இயலவில்லை. அமெரிக்க ஆக்கிரமிப்பு ஆட்சி அணுகுண்டின் விளைவுகளைப் பற்றிய எழுத்தையும் படத்தையும் தணிக்கை செய்தது. 1952 ஏப்ரல் இறுதியில்தான் அந்த ஆட்சி முடிவுக்கு வந்தது. ஆகவே பிகினியின் சாம்பல் பெய்தபோது, ஜப்பானியர் வாய் திறந்து பேசும் உரிமை பெற்று இரண்டாண்டுகள்கூட நிறையவில்லை. பழைய புண்ணின் மேலேயே புதிய சாம்பல் விழுந்தது. இதை மனத்திற் கொள்ளாமல் கோஜிராவைப் பார்ப்பவர்க்கு அது வெறும் பல்லிப் படமாகவே தோன்றும்.

இந்தச் சூழலில் தோஹோ நிறுவனத்தின் தயாரிப்பாளர் தோமோயுகி தனாகாவுக்கு ஓர் இக்கட்டு நேர்ந்தது. இந்தோனேசியாவுடன் இணைந்து 'புகழின் நிழலில்' என்ற பொருளுடைய தலைப்பில் பெரிய படம் ஒன்றை எடுக்க அவர் ஏற்பாடு செய்திருந்தார். ஜப்பானியக் குழுவினருக்கு நுழைவு அனுமதி மறுக்கப்பட்டதால் அந்தத் திட்டம் சிதைந்தது. ஆண்டிறுதிக்குள் ஒரு பெரும் படத்தைத் தந்தாக வேண்டிய கடமை அவர் தலைமேல் நின்றது. ஜகார்த்தாவிலிருந்து திரும்பும் விமானத்தின் சாளரம் வழியே கீழே விரிந்த கடலைப் பார்த்தபடி வந்தபோது, அந்த ஆழத்தில் உறங்கும் விலங்கொன்றைக் குண்டுச் சோதனை எழுப்பிவிட்டால் என்ன ஆகும் என்ற எண்ணம் தோன்றியதாகப் பின்னாளில் அவர் கூறினார். கலைஞர்கள் தம் படைப்பின் பிறப்பைப் பற்றிப் பின்னாளில் சொல்லும் கதைகள் சற்றே மெருகேறியவையாக இருப்பது வழக்கம்; இதையும் அவ்வாறே கொள்வோம். எனினும் ஒரு சிறு செய்தி நம்மை நிற்க வைக்கிறது. கைவிடப்பட்ட படத்தின் ஜப்பானியத் தலைப்பில் 'புகழ்' என்பதைக் குறிக்கும் சொல் 'எய்கோ'. கோஜிராவின் தொடக்கக் காட்சியில் ஒளிப்பிழம்பில் சிக்கி மூழ்கும் கப்பலின் பெயரும் 'எய்கோ மாரு'.

விமானத்தில் கண்ட கனவு மட்டுமே மூலம் என்று சொல்வதற்கில்லை. 1933இல் வந்த அமெரிக்கப் படமான 'கிங் காங்' 1952இல் மறுபடி வெளியாகிப் பெருவெற்றி கண்டது. அதன் விளைவாக 1953இல் அணுகுண்டுச் சோதனையால் துருவப் பனியிலிருந்து விழித்தெழும் தொல்விலங்கு நியூயார்க் நகரைத் தாக்கும் படம் ஒன்று அமெரிக்காவில் எடுக்கப்பட்டது. தனாகாவின் திட்டத்துக்கு முதலில் இடப்பட்ட தலைப்பே 'கடலடியில் இருபதாயிரம் மைலிலிருந்து வந்த மாபெரும் விலங்கு' என்பதாகும். கடன் வெளிப்படை, மறைப்பதற்கு ஒன்றுமில்லை. ஆனால் அமெரிக்கப் படத்தில் குண்டு என்பது கதையைத் தொடங்கி வைக்கும் ஒரு பொறி மட்டுமே. விலங்கு விழித்த பிறகு குண்டை யாரும் நினைப்பதில்லை. கதிரியக்கப் பொருளைக் கொண்டே விலங்கையும் கொன்றுவிடுகிறார்கள். அணுவை நோயாகவும் மருந்தாகவும் காணும் மனநிலை அது. குண்டை வீசியவர்க்கு அது இயல்பு. குண்டைத் தலையில் வாங்கியவர்க்கு அது இயலாது. அதே கதைக்கரு கடல் கடந்தபோது அதன் எடையே மாறிப்போனது.

கதையை எழுத அமர்த்தப்பட்டவர் ஷிகெரு கயாமா. மர்மக் கதைகளும் விந்தை விலங்குக் கதைகளும் எழுதிப் புகழ் பெற்றவர். அவருடைய கதையில் தொல்லுயிர் ஆய்வாளர் யமானே கறுப்பு மேலங்கி அணிந்த, சற்றே அச்சமூட்டும் பாத்திரம். விலங்கும் கால்நடைகளைத் தின்பதற்காகக் கரையேறும் பசிகொண்ட விலங்கு. இயக்குநர் இஷிரோ ஹோண்டாவும் எழுத்தாளர் தகேயோ முராதாவும் விடுதியொன்றில் தங்கி மூன்று வாரங்களில் இதைத் திரைக்கதையாக மாற்றினர். பசி என்ற காரணத்தை அவர்கள் நீக்கியது முக்கியமான மாற்றம் என்பேன். திரைப்படத்தின் கோஜிரா எதையும் தேடி வருவதில்லை. அது வருகிறது, நடக்கிறது, பின்னால் நகரம் எரிகிறது. காரணம் கேட்க முடியாத அழிவாகவே அதை அவர்கள் வரைந்தனர்.

ஹோண்டாவைப் பற்றிச் சற்று நின்று பேச வேண்டும். 1911இல் பிறந்த இவர் அகிரா குரோசாவாவின் நெருங்கிய நண்பர். ஆனால் குரோசாவா திரைத்துறையில் வளர்ந்துகொண்டிருந்த ஆண்டுகளில் ஹோண்டா மும்முறை படைக்கு அழைக்கப்பட்டுச் சீனத்தில் காலங்கழித்தார். போர் முடிந்தபோதும் அங்கேயே பிடிபட்டிருந்து, 1946இல் நாடு திரும்பும் வழியில் ஹிரோஷிமாவைக் கடந்து வந்தார். சீனத்தில் ஒருமுறை அவர் முன்னே விழுந்த எறிகுண்டு ஒன்று வெடிக்காமல் கிடந்தது. அதை அவர் எடுத்துவந்து தம் எழுதுமேசை மேல் வைத்திருந்தார்; 1993இல் இறக்கும்வரை அது அங்கேயே இருந்தது. வெடிக்காத குண்டின் முன் அமர்ந்து நாள்தோறும் எழுதிய மனிதர் எடுத்த படம் இது என்பதை நான் அடிக்கடி நினைத்துக்கொள்வதுண்டு. கதிர்வீச்சு கண்ணுக்குத் தெரியாதது. அதற்குக் கண்ணுக்குத் தெரியும் உடல் ஒன்றைத் தர வேண்டும் என்பதே தம் நோக்கம் என்ற கருத்தை ஹோண்டா பேட்டிகளில் வெளியிட்டிருக்கிறார். படம் முழுவதும் கேலியின் சாயலே இல்லாமல், செய்திப் படம் போன்ற இறுக்கத்துடன் அமைந்ததற்கு அவரே காரணம்.

அந்த உடலைச் செய்தவர் எய்ஜி ட்சுபுராயா. 'கிங் காங்' படத்தைப் பார்த்து மயங்கி, அதன் பிரதி ஒன்றைத் தேடிப் பெற்று, படச்சட்டம் படச்சட்டமாக ஆராய்ந்தவர். இந்துமாக்கடலில் மீன்பிடி கப்பல்களைப் பிடித்திழுக்கும் பேரெண்காலி ஒன்றைப் பற்றிய கதைச் சுருக்கத்தையும் சில ஆண்டுகளுக்கு முன்பே எழுதி வைத்திருந்தார். கோஜிராவும் எண்காலியாகவே பிறந்திருக்கக்கூடும். தனாகா நிலத்தில் நடக்கும் தொல்விலங்கையே தேர்ந்தார். ட்சுபுராயாவின் கடந்த காலத்தில் வேறொரு நிழலும் உண்டு. 1942இல் போர்ப் பரப்புரைக்காக எடுக்கப்பட்ட 'ஹவாய் முதல் மலாயா வரை கடற்போர்' என்ற படத்தில் பேர்ல் துறைமுகத் தாக்குதலைச் சிற்றுருக்களால் அமைத்துக் காட்டியவர் அவரே. அக்காட்சிகளை அமெரிக்க அதிகாரிகள் உண்மையான படப்பதிவு என்றே நம்பிவிட்டனர் என்ற கதையும் வழங்குகிறது. போர்ப் படங்களில் ஈடுபட்டதற்காக 1948இல் பணியிலிருந்து நீக்கப்பட்டு, ஆக்கிரமிப்பு முடிந்தபின் மீண்டார். எதிரியின் துறைமுகத்தைப் பொம்மையாய்ச் செய்து எரித்த அதே கைகள் பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு தம் தலைநகரைப் பொம்மையாய்ச் செய்து எரித்தன. இதைவிடக் கூரிய வரலாற்று முரணை எந்தக் கதாசிரியரும் கற்பனை செய்துவிட முடியாது.

பொம்மையை இம்மி இம்மியாக நகர்த்திப் படமெடுக்கும் 'கிங் காங்' முறையையே ட்சுபுராயா விரும்பினார். அவ்வாறு செய்தால் ஏழாண்டுகள் பிடிக்கும் என்று அவரே கணக்கிட்டுச் சொன்னாராம். கையிலிருந்ததோ சில மாதங்கள். ஆகவே மனிதர் ஒருவரை உடுப்புக்குள் நுழைத்து, படக்கருவியை விரைவாக ஓட்டி, அசைவை மெதுவாக்கிக் காட்டும் வழியைக் கைக்கொண்டார். பற்றாக்குறையிலிருந்தே ஒரு கலைமரபு பிறந்தது. கொடுங்கோலன் பல்லி முதலான தொல்விலங்குகளின் உருவங்களைக் கலந்து வடிவம் வகுத்தனர். அதன் சொரசொரப்பான தோல், அணுகுண்டுக்குத் தப்பியவர்களின் உடலிலிருந்த தழும்புகளை நினைவூட்டுவதாகப் பலரும் எழுதியுள்ளனர். உயரம் 50 மீட்டர் என்று வைத்தனர். அந்நாளில் தோக்கியோவில் கட்டடங்களின் உயரத்துக்குச் சட்டம் விதித்த எல்லை 31 மீட்டர்தான். கூரைகளுக்கு மேலே தலை தெரிய வேண்டும் என்ற எளிய கணக்கு அது. ஏறத்தாழ 100 கிலோ எடையுள்ள முதல் உடுப்புக்குள் விளக்குகளின் சூட்டில் வெந்து நடந்தவர் ஹருவோ நகாஜிமா என்ற இளம் நடிகர். பெரிய விலங்குகள் எப்படி அடி வைக்கின்றன என்று அறிய அவர் உயெனோ விலங்குக் காட்சிசாலைக்குச் சென்று பார்த்துக்கொண்டிருந்தார்.

சுவையான நிகழ்ச்சி ஒன்று. எந்தத் தெருவை எவ்வாறு அழிக்கலாம் என்று திட்டமிட, ஹோண்டாவும் உடன் பணியாற்றியவர்களும் கின்சா பகுதியில் ஓர் அங்காடியின் மொட்டை மாடிக்குச் சென்றனர். இங்கே தீ வைப்போம், அதை இடிப்போம் என்று அவர்கள் உரக்கப் பேசிக்கொண்டிருந்ததைக் கேட்ட காவலர் ஐயுற்று அவர்களைத் தடுத்து விசாரித்தாராம். ஒன்பது ஆண்டுகளுக்கு முன், 1945 மார்ச் 10ஆம் நாள் இரவு, அமெரிக்க விமானங்களின் தீக்குண்டுகளால் ஏறத்தாழ ஒரு லட்சம் பேர் மாண்ட நகரம் அது என்பதை எண்ணும்போது சிரிப்பு பாதியிலேயே நின்றுவிடுகிறது.

இசையமைத்த அகிரா இஃபுகுபேயின் வாழ்விலும் கதிர்வீச்சு நுழைந்திருந்தது. அவர் முதலில் காட்டியல் பயின்றவர்; போர்க்காலத்தில் மரங்களைப் பற்றிய ஆய்வில் தக்க பாதுகாப்பின்றி ஊடுகதிர்க் கருவியோடு பணியாற்றி உடல் நலிந்தவர். இருளில் ஒளிரும் வண்ணப்பூச்சு பற்றிய ஆய்வில் ஈடுபட்டிருந்த அவருடைய தமையனார் கதிர்வீச்சின் தாக்கத்தால் 1942இல் இறந்தார். ஆகவே இந்தப் படத்துக்கு இசையமைக்க வந்தவர் அச்சத்தைக் கேள்விப்பட்டவர் அல்லர், அறிந்தவர். விலங்கின் குரலுக்காக உண்மையான விலங்குகளின் ஓசையைப் பயன்படுத்திப் பார்த்தும் பொருந்தவில்லை. முடிவில், பெரிய கான்ட்ராபாஸ் இசைக்கருவியின் தந்தியைப் பிசின் தடவிய தோலுறை அணிந்த கையால் உராய்ந்து எழுப்பிய ஒலியைப் பதிவு செய்து, மெதுவாக ஓடவிட்டனர். அறுபது எழுபது ஆண்டுகளாக உலகம் கேட்கும் அந்தக் கதறல் ஓர் இசைக்கருவியிலிருந்து எழுந்தது. அதைச் சினத்தின் முழக்கம் என்பர் பலர். எனக்கு அது வலியின் ஒலியாகவே கேட்கிறது.

பெயரைப் பற்றியும் ஒரு சொல். 'கோரில்லா'வின் ஜப்பானிய வடிவமான 'கோரிரா'வும், திமிங்கிலத்தைக் குறிக்கும் 'குஜிரா'வும் சேர்ந்ததே 'கோஜிரா'. நிறுவனத்தில் பணிபுரிந்த பெருத்த உடல்வாகுடைய ஒருவரின் பட்டப் பெயரே இது என்ற கதை நீண்ட காலம் வழங்கியது. ஹோண்டாவின் மனைவியார் அதை நம்பவில்லை.

படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த நாட்களிலேயே, 1954 செப்டம்பர் 23ஆம் நாள், நற்பேற்று நாகப் படகின் வானொலி இயக்குநர் ஐகிச்சி குபோயாமா மருத்துவமனையில் இறந்தார். வயது 40. அவருடைய உடல்நிலை பற்றிய செய்தியை நாடே நாள்தோறும் படித்துக்கொண்டிருந்தது. அதே வாரங்களில் தோஹோவின் அரங்குகளில் எரியும் கப்பல்களும், கரையில் நின்று உறவினர் பெயரைக் கேட்டு அழும் பெண்களும் படமாகிக்கொண்டிருந்தனர்.

படத்தில் அந்தப் படகின் பெயர் வருவதில்லை. அமெரிக்காவின் பெயரும் குற்றச்சாட்டாக வருவதில்லை. ஆனால் ரயிலில் போகும் இளம்பெண் ஒருத்தி அணுகுண்டுச் சூரையையும் கதிரியக்க மழையையும் சொல்லி, நாகசாகியில் தப்பிப் பிழைத்தது இதற்குத்தானா என்று அலுத்துக்கொள்கிறாள். உண்மையை மக்களுக்கு அறிவிக்கலாமா கூடாதா என்று நாடாளுமன்றக் குழுவில் கூச்சல் எழுகிறது. எரியும் தெருவோரத்தில் குழந்தைகளை அணைத்துக்கொண்டு ஒரு தாய், அப்பாவிடம் போய்ச் சேரப்போகிறோம் என்று தேற்றுகிறாள். கணவர் போரில் மாண்டவர் என்பது சொல்லாமலே விளங்குகிறது. மறுநாள் மருத்துவமனையில் ஒரு குழந்தையின் மேல் கைகர் கருவியை வைத்துப் பார்த்துவிட்டு ஆய்வாளர் தலையை அசைக்கிறார். பூதத்தைவிட இக்காட்சிகளே நெஞ்சில் நிற்கின்றன. அந்நாளைய பார்வையாளரில் பெரும்பாலோர்க்கு இவை கற்பனைக் காட்சிகள் அல்ல.

படத்தின் உயிர்நாடி செரிசாவா என்ற இளம் விஞ்ஞானி. போரில் ஒரு கண்ணை இழந்தவர். நீரிலுள்ள உயிர்வளியை அழித்து எவ்வுயிரையும் கரைத்துவிடும் ஆற்றலை ஆய்வின்போது கண்டுபிடித்துவிட்டு அஞ்சி மறைத்து வைத்திருக்கிறார். விலங்கைக் கொல்ல அது ஒன்றே வழி. பயன்படுத்தினால் உலகின் அரசியலாளர்கள் அதையும் ஆயுதமாக்குவார்கள்; மறுத்தால் மக்கள் மடிவார்கள். இறுதியில் குறிப்புகளையெல்லாம் எரித்துவிட்டுக் கடலடிக்குச் சென்று, விலங்கோடு தம்மையும் முடித்துக்கொள்கிறார், அந்த அறிவு தம்மோடு அழிய வேண்டும் என்பதற்காக. குண்டைச் செய்த விஞ்ஞானிகளை நோக்கி ஜப்பான் கேட்க விரும்பிய கேள்வி இதுவென்று கொள்ளலாம். ஆனால் அதோடு நிறுத்துவது நேர்மையாகாது. நாட்டுக்காக உயிரைக் கொடுத்து அழிவை நிறுத்தும் இளைஞன் என்ற உருவம், போர்க்கால ஜப்பான் தன் விமானிகளுக்குக் கற்பித்த உருவமும்கூட. தான் பட்டதை நினைவில் வைத்திருக்கும் படம், ஜப்பான் பிற ஆசிய நாடுகளுக்குச் செய்ததைப் பற்றி மௌனம் சாதிக்கிறது. சீனத்தில் ஆண்டுகள் கழித்த ஹோண்டா எடுத்த படம் என்பதால் அந்த மௌனம் எனக்கு உறுத்துகிறது.

படத்தை ஏறத்தாழ 96 லட்சம் பேர் திரையரங்குகளில் பார்த்தனர். விமரிசகர்களில் ஒரு சாரார் மகிழவில்லை. மீனவர்களின் துயரம் ஆறுமுன்பே அதைக் காசாக்கிவிட்டார்கள் என்று சாடினர். இந்தக் குற்றச்சாட்டை நாம் எளிதில் தள்ளிவிட முடியாது. குபோயாமா இறந்து ஆறு வாரங்கூட ஆகவில்லை. சுவரொட்டிகளில் பூதம் சிரித்தது. தோஹோ ஒரு வணிக நிறுவனம். தனாகாவுக்கு வேண்டியிருந்தது ஆண்டிறுதிப் படம். ஆயினும் ஒப்பாரி பாடுபவர் கூலி பெறுகிறார் என்பதால் அந்த ஒப்பாரி பொய்யாகிவிடுமா? நோக்கம் வணிகமாகவே இருந்தும், அதில் கைவைத்த ஒவ்வொருவரும் தம் காயத்தோடு வந்தார்கள். அக்காயங்கள் படத்துக்குள் புகுந்துவிட்டன; தயாரிப்பாளரே விரும்பியிருந்தாலும் தடுத்திருக்க முடியாது.

1956இல் அமெரிக்காவுக்குச் சென்றபோது படம் வேறாயிற்று. ரேமண்ட் பர் என்ற நடிகரை அமெரிக்கச் செய்தியாளராக நடிக்கவைத்துப் புதுக் காட்சிகள் சேர்த்தனர்; மூலத்திலிருந்து பெரும்பகுதியை வெட்டினர். ரயில் பெண்ணின் பேச்சு மறைந்தது. குண்டுச் சோதனைகள் தொடர்ந்தால் இன்னொரு கோஜிரா எழக்கூடும் என்று இறுதியில் முதிய யமானே முணுமுணுப்பதும் மறைந்து, உலகம் மீண்டும் விழித்து வாழலாம் என்ற ஆறுதல் அந்த இடத்தில் அமர்ந்தது. உலகின் பெரும்பகுதி பல்லாண்டுகள் பார்த்தது இந்த வடிவத்தையே. மூலப் படம் அமெரிக்கத் திரையரங்குகளில் முறையாக வெளியானது 2004இல், சரியாக அரை நூற்றாண்டு கழித்து. இதற்கிடையில் ஜப்பானிலேயே கோஜிரா குழந்தைகளின் தோழனாகி, பிற பூதங்களிடமிருந்து நாட்டைக் காக்கும் வீரனாகவும் ஆகிவிட்டிருந்தது. போர் முடிந்த காலத்துக்கே அதைத் திரும்ப அழைத்துச் சென்ற தகாஷி யமசாக்கியின் படம் 2023இல் வெளிவந்து, அடுத்த ஆண்டு காட்சி விந்தைகளுக்கான ஆஸ்கார் விருதைப் பெற்றது. ட்சுபுராயாவின் கைத்தொழில் மரபுக்கு அந்த மேடையில் கிடைத்த முதல் பரிசு அது.

படகின் பின்கதையையும் சொல்லிவிடுகிறேன். நற்பேற்று நாகம், நச்சு நீக்கப்பட்டு வேறு பெயருடன் சில ஆண்டுகள் மீன்வளப் பல்கலைக்கழகம் ஒன்றின் பயிற்சிக் கப்பலாக ஓடியது. 1967இல் பழுதென்று கழிக்கப்பட்டு, தோக்கியோவின் குப்பைகளைக் கொட்டி உருவாக்கிய 'யுமெனோஷிமா' என்ற இடத்தில் கைவிடப்பட்டது. அப்பெயருக்குக் கனவுத் தீவு என்று பொருள். குப்பைக்கு நடுவே அழுகிக்கொண்டிருந்த மரப்படகைப் பற்றி அறிந்த பொதுமக்கள் அதைக் காப்பாற்றப் போராடினர். 1976இல் அங்கேயே ஒரு காட்சிக்கூடம் எழுப்பப்பட்டது. உள்ளே படகு முழுதாக நிற்கிறது. அதன்மேல் பெய்த வெண்சாம்பலும் சிறு குப்பியொன்றில் அருகே வைக்கப்பட்டிருக்கிறது.